அடம் ஸ்மித் நிவாரணத்துக்கு எதிரியா?

2024 பெப்ரவரி 10, வாசகர் ஒருவரின் பதிவு

“வன்னிச் சனத்தைக் கெடுத்தது நிவாரணம்தான். தொண்ணூறாம் ஆண்டிலிருந்து சங்கக்கடை வரிசையில் நின்று வாங்கிப் பழகிவிட்டார்கள், இப்போது அஸ்வெசும உதவிப்பணம் வரவில்லை என்று பிரதேச செயலகத்துக்கு அலைகிறார்கள். சுதந்திரச் சந்தையை நம்பும் தாராண்மைவாதப் பொருளியல் 1776 முதல் இதைத்தானே சொல்கிறது? சும்மா கொடுத்தால் உழைக்க மாட்டான். அடம் ஸ்மித்தை வாசித்த யாராவது மறுப்பீர்களா?”

பெப்ரவரி 10, இரவு

மறுக்கிறேன். நான் கிளிநொச்சிப் பக்கம் உயர்தர வகுப்புக்குப் பொருளியல் படிப்பிக்கிறவள். நிவாரண அரிசி தின்று வளர்ந்தவளும்கூட.

ஸ்மித் 1776இல் எழுதிய ‘நாடுகளின் செல்வம்’ நூலில், ஏழைகளுக்கு உதவி கொடுக்கவென்று இங்கிலாந்தில் இருந்த ஏழைகள் சட்டத்தைத் தாக்கினார், உண்மை. அதில் எந்தப் பகுதியைத் தாக்கினார் என்று பாருங்கள். அங்கே ஒவ்வொரு ஏழையும் ஒரு கோவில்பங்குக்கு உரியவன். வேலை தேடி அடுத்த பங்குக்குப் போனால், இவன் நாளைக்கு எங்களுக்குச் சுமையாகிவிடுவான் என்று பிடித்துத் திருப்பி அனுப்பலாம். ஒரு குற்றமும் செய்யாத மனிதனை அவன் இருக்க விரும்பிய இடத்திலிருந்து அகற்றுவது இயற்கைச் சுதந்திரத்தையும் நீதியையும் அப்பட்டமாக மீறுவது என்று அவர் எழுதினார். ஊரைவிட்டு வெளியே போகப் பாஸுக்கு அலைந்த சனத்துக்கு இந்த வரியை விளங்கப்படுத்தத் தேவையில்லை.

அதே நூலில், ஒரு சமூகத்தின் மிகப் பெரும்பகுதி வறுமையிலும் துன்பத்திலும் கிடந்தால் அந்தச் சமூகம் செழிப்பாகவோ மகிழ்ச்சியாகவோ இருக்கிறது என்று சொல்ல முடியாது என்கிறார். ஐந்தாம் பாகத்தில் லினன் சட்டை வருகிறது. கிரேக்கரும் உரோமரும் லினன் இல்லாமலே வசதியாக வாழ்ந்தார்கள், ஆனால் தன் காலத்து ஐரோப்பாவில் ஒரு நாட்கூலிகூட லினன் சட்டை இல்லாமல் நாலு பேர் முன்னால் வர வெட்கப்படுவான், ஆகவே அது அத்தியாவசியப் பொருள் என்கிறார். சனவரியில் சப்பாத்து இல்லாததால் பள்ளிக்கூடம் வராமல் நின்ற பிள்ளைகளை எனக்குத் தெரியும். பாடப்புத்தகம் இலவசம், சீருடைத் துணி இலவசம், சப்பாத்துக்குத்தான் காசு இல்லை. அந்தப் பிள்ளையை வீட்டில் நிறுத்திவைத்தது பசி இல்லை, வெட்கம். எது அத்தியாவசியம் என்ற கணக்குக்குள் வெட்கத்தையும் சேர்த்தவர் ஸ்மித். இருநூறு வருடம் கழித்துப் பொருளியலாளர் அமர்த்தியா சென் இதே இடத்தை எடுத்துத்தான் வறுமை பற்றிய தன் வாதத்தை வளர்த்தார்.

பெப்ரவரி 11

சரி, சும்மா கொடுத்தால் கெட்டுப்போவான் என்பது யாருடைய கதை? முதலில் மல்தஸ் என்ற ஆங்கிலப் பொருளியலாளர், 1798. ஏழைக்குக் கொடுத்தால் அவன் பிள்ளைகளைப் பெருக்குவான், உணவு அந்த வேகத்தில் பெருகாது, கடைசியில் வறுமை கூடும் என்றார். அவர் பிறகு கிழக்கிந்தியக் கம்பனியின் வருங்கால அதிகாரிகளுக்கு ஹெய்லிபரி கல்லூரியில் பொருளியல் படிப்பித்தார் என்பதை ஆசியாவில் இருக்கிற நாங்கள் நினைவில் வைத்திருக்க வேண்டும்.

மல்தஸ் எழுதிய காலத்துக்கு உரியது ஸ்பீனம்லாந்து என்ற இங்கிலாந்துக் கிராமத்தின் கதை. 1795 மே மாதம் பார்க்‌ஷயர் நீதவான்கள் அங்கே ஒரு விடுதியில் கூடி, பாண் விலை ஏற ஏற ஏழைக் கூலியாளின் குடும்பத்துக்கு இவ்வளவு மேலதிகமாகக் கொடுப்பது என்று ஒரு அளவுத்திட்டம் போட்டார்கள். சம்பளத்தைக் கூட்டவேண்டிய பண்ணைக்காரர் தப்பிவிட்டார், பங்கின் வரிப்பணம் அந்த இடைவெளியை நிரப்பியது. இதனால் உழைப்பாளி சோம்பேறியானான் என்று நசாவு சீனியரும் எட்வின் சாட்விக்கும் சேர்ந்து எழுதிய 1834 ஆணைக்குழு அறிக்கை சொன்னது. அதை வைத்துத்தான் புதிய ஏழைகள் சட்டம் வந்தது. உதவி வேண்டுமென்றால் ஏழைவிடுதிக்குள் வா, புருசன் ஒரு பக்கம், பெண்சாதி ஒரு பக்கம், பிள்ளைகள் வேறு பக்கம். உள்ளே கிடைப்பது வெளியே இருக்கிற மிகக் கடைசிக் கூலியாளின் சீவியத்தைவிடவும் கீழாக இருக்கவேண்டும் என்பது அதன் கொள்கை.

1963இல் மார்க் பிளௌக் என்ற பொருளியல் வரலாற்றாசிரியர் அந்த அறிக்கையின் அடித்தளத்தையே திரும்பப் பரிசோதித்தார். கூலி குறைந்திருந்ததாலும் பருவகால வேலையின்மையாலும் உதவி தேவைப்பட்டது, உதவியால் கூலி குறைந்தது என்பதை அறிக்கை நிரூபிக்கவே இல்லை என்று காட்டினார். காரணத்தையும் விளைவையும் தலைகீழாகப் போட்ட ஒரு அறிக்கை நூற்றுச்சொச்சம் வருடம் உலகை ஆண்டிருக்கிறது. இங்கே முதல் பதிவில் இருப்பதும் அதே அறிக்கையின் குரல்தான், ஸ்மித்தின் குரல் கிடையாது.

பெப்ரவரி 13

மல்தஸ் காலத்துப் பொருளியலாளர் ரிக்கார்டோ என்ன சொன்னார் என்று கேட்டிருக்கிறீர்கள். 1817இல் அவரும் ஏழைகள் சட்டத்தைப் படிப்படியாக ஒழிக்கச் சொன்னார், மல்தஸ் பக்கம். தானிய இறக்குமதி விடயத்தில்தான் இரண்டு பேருக்கும் சண்டை.

பெப்ரவரி 18

‘தாராண்மைவாதம் வெள்ளைக்காரனின் சண்டை, வன்னிக்கும் அதற்கும் என்ன’ என்று முல்லைத்தீவிலிருந்து ஒரு தம்பி கேட்கிறார். தம்பி, அது எங்கள் குளக்கட்டுவரை வந்தது.

1829இல் கோல்புறூக்கும் அடுத்த வருடம் கமரனும் இலங்கைக்கு விசாரணை ஆணையாளர்களாக வந்தார்கள். சார்ள்ஸ் ஹே கமரன், பெந்தாம் என்ற ஆங்கிலச் சிந்தனையாளரின் சீடர். அவர்களுடைய சிபாரிசின் வழியில் 1832இல் இராசகாரியம் என்ற கட்டாய ஊழியம் ஒழிந்தது, பிறகு கறுவா ஏகபோகமும் போனது. யாரையும் கட்டாயப்படுத்தி வேலை வாங்கக் கூடாது, கூலிக்கு உழைப்பு, சந்தைக்குப் பொருள். பாடப்புத்தகத் தாராண்மைவாதம் அப்படியே சட்டமானது.

கட்டாய ஊழியம் ஒழிந்தது பெரிய விடுதலை, அதைக் குறைத்துப் பேச எனக்கு மனமில்லை. சாதியின் பெயரால் சுமந்தவனுக்கு அதன் அருமை தெரியும். ஆனால் குளம் கட்டுவதும் வாய்க்கால் வெட்டுவதும் அதே கட்டாயத்துக்குள்தான் இருந்தன. கட்டாயம் போனபிறகு அந்த இடத்தில் எதுவும் வைக்கப்படவில்லை, உலர் வலயத்தில் ஊர்க்குளங்கள் பராமரிப்பில்லாமல் கிடந்தன. கடைசியில் ஆளுநர் ஹென்றி வார்ட் காலத்தில் 1856இல் நீர்ப்பாசனத்துக்கென்று சட்டம் போட்டு, பழைய வழக்கப்படி கமக்காரர் கூடி முடிவெடுத்து எல்லோரையும் கட்டுப்படுத்தலாம் என்று திரும்பக் கொண்டுவந்தார்கள். தனி மனிதனை விடுவித்த அரசே கால் நூற்றாண்டுக்குள், கூட்டாகச் செய்யவேண்டிய வேலைக்கு ஒரு விதி வேண்டும் என்று ஒத்துக்கொண்டது.

இன்றைக்கும் விதைப்புக்கு முன் கூட்டம் வைக்கிறோம், எந்தத் திகதியில் தண்ணீர், எந்தத் திகதிக்குள் வாய்க்கால் துப்புரவு என்று தீர்மானிக்கிறோம். உங்கள் பங்கு வாய்க்காலை நீங்கள் வெட்டாமல் விட்டால் தண்ணீர் கடைக்காணிக்கு வராது. இதைச் சுதந்திரத்தின் மேல் விழுந்த வெட்டு என்று எந்த விவசாயியும் சொன்னதில்லை, கடைக்காணிக்காரனின் சுதந்திரம் அந்த விதியில்தான் தங்கியிருக்கிறது.

பெப்ரவரி 19

மேலே உள்ளதோடு சேர்த்து வாசிக்க: ஆங்கிலத் தாராண்மைவாதச் சிந்தனையாளர் ஜே.எஸ்.மில். 1848இல் எழுதிய பொருளியல் நூலில் உற்பத்தியின் விதிகள் இயற்கையின் விதிகள் போன்றவை, பங்கீட்டின் விதிகள் மனிதர் போட்டவை என்றார். பொருளியலில் இது ஒரு கதவைத் திறந்த இடம். மனிதர் போட்டதென்றால் மனிதர் மாற்றலாம். உடல் வலுவுள்ள ஏழைக்கும் உயிர்வாழத் தேவையானது சட்டப்படி நிச்சயமாகக் கிடைக்கவேண்டும் என்றும் அதே நூலில் சொன்னார், தர்மவான்களின் மனநிலையில் அதை விடக்கூடாது என்றார். 1859இல் சுதந்திரம் பற்றி எழுதியவரும் இவர்தான்.

இவரும் 1858வரை கிழக்கிந்தியக் கம்பனியில் வேலை பார்த்தவர். இந்தியர்களைப் போன்றவர்கள் இன்னும் தங்களைத் தாங்களே ஆளும் நிலைக்கு வரவில்லை என்று நம்பியவர். இரண்டையும் சேர்த்துத்தான் மில்லைப் படிப்பிக்கிறேன், ஒன்றை மறைத்தால் மற்றது விளங்காது.

பெப்ரவரி 25

தருமபுரத்திலிருந்து எழுதும் அக்கா கேட்டது மனதில் கிடந்து வேலை செய்கிறது. அவருடைய முப்பாட்டன் சென்னை மாகாணத்துப் பஞ்சத்தில் மலையகத்துக்கு வந்தவராம், குடும்பம் 1977 கலவரத்துக்குப் பிறகு வன்னிக்கு வந்ததாம். இந்தப் பொருளியல்காரர்கள் எங்களைப் பற்றி ஏதாவது எழுதினார்களா என்று கேட்டார்.

எழுதினார்கள் அக்கா, அதிகாரிகளின் கையால். 1873–74 பீகார் பஞ்சத்தில் ரிச்சர்ட் டெம்பிள் அரிசி இறக்கிச் சனத்தைக் காப்பாற்றினார், காசை வீணாக்கிவிட்டார் என்று ஏச்சு வாங்கினார். 1877இல் அதே டெம்பிளைச் சென்னைக்கு அனுப்பினார்கள், இந்தமுறை சிக்கனமாக இருக்கச் சொல்லி. பஞ்ச நிவாரண வேலைத்தளத்தில் நாள் முழுதும் கல் சுமக்கிறவரின் தானியத்தை ஒரு இறாத்தலாக அவர் குறைத்தார். மாகாணத்தின் சுகாதார ஆணையாளர் கோர்னிஷ் இந்த அளவில் உயிர் தங்காது என்று எதிர்த்துச் சண்டைபிடித்தார். 1834இன் கொள்கை கப்பலேறி வந்து செய்த வேலை இது: உதவி கேட்கிறவன் உண்மையான ஏழையா என்று அவன் உடம்பை வைத்தே சோதித்துப் பார்ப்பது. அந்தப் பஞ்சத்திலிருந்து தப்பி மன்னார்க் கரையில் இறங்கி நடந்தவர்களின் வழிவந்தவர்கள் இன்று கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் இருக்கிறார்கள்.

இரண்டாவது, இது இன்னும் கிட்ட. ரி.எச்.மார்ஷல் என்ற சமூகவியலாளர் 1949இல் கேம்பிரிட்ஜில் ஒரு சொற்பொழிவு செய்தார். முதலில் குடியியல் உரிமை, பிறகு வாக்குரிமை, பிறகு கல்வியும் மருத்துவமும் வருமானப் பாதுகாப்பும் அடங்கிய சமூக உரிமை, குடியுரிமை இப்படிப் படிப்படியாக முழுமையடைகிறது என்றார். நலன்புரி அரசு பற்றி எழுதுகிற எல்லோரும் இன்றுவரை அதைச் சொல்கிறார்கள். நல்ல வாதம். அதற்கு முந்தின வருடம் இலங்கைப் பாராளுமன்றம் மலையகத் தமிழரின் குடியுரிமையைப் பறித்தது, அதே 1949இல் வாக்குரிமையையும் பறித்தது. முதல் படியையே உருவிவிட்டால் மூன்றாம் படியில் எப்படி ஏறுவது? நாடு முழுக்க இலவசக் கல்வி என்று பெருமை பேசிய காலத்தில் தோட்டத்துப் பள்ளிக்கூடங்கள் தேசிய முறைக்கு வெளியே கிடந்தன. இலங்கையின் நலன்புரியைப் புகழ்கிறபோது இந்தப் பக்கத்தைச் சேர்க்காமல் புகழக் கூடாது. நான் வகுப்பில் சேர்க்கிறேன்.

மார்ச் 3

அப்பாவின் மிளகாய்க் கதையை இவ்வளவு நாளும் எழுதாமல் விட்டேன், ஏனென்றால் அது ஒரு பக்கமும் சாயாது.

அப்பா எழுபதுகளின் தொடக்கத்தில் காணி கிடைத்து விசுவமடுவுக்கு வந்தவர். படித்த வாலிபர் திட்டம் என்று சொல்வார்கள். சிறிமா பண்டாரநாயக்க அரசாங்கம் மிளகாய், வெங்காயம், உருளைக்கிழங்கு இறக்குமதியைக் கட்டுப்படுத்தியதும் செத்தல் மிளகாய் விலை ஏறியது, காட்டை வெட்டிக் கிணறு வெட்டிய பெடியள் கையில் முதல்முறையாகக் காசு. அப்பா அதைப் பொற்காலம் என்றே சாகும்வரை சொன்னார். 1977இல் ஜே.ஆர். ஜயவர்தன ஆட்சிக்கு வந்து பொருளாதாரத்தைத் திறந்தார். இறக்குமதி மிளகாய் வந்தது, விலை விழுந்தது, தோட்டம் கடனில் போனது. எங்கள் வீட்டில் ‘திறந்த பொருளாதாரம்’ என்றால் அந்தக் கடன்தான்.

அதனால் நானும் வெகுகாலம் தாராண்மைவாதத்தின் மேல் கோபத்தோடு இருந்தேன். ஆனால் அதே எழுபதுகளில் தெற்கில் சனம் பாணுக்கு விடிய விடிய வரிசையில் நின்றது, அரிசியையும் மிளகாயையும் மாவட்டம் விட்டு மாவட்டம் கொண்டுபோக முடியாமல் தெருவில் தடை போட்டுப் பொதியைக் கிண்டினார்கள், 1974இல் தோட்டங்களில் பசியால் ஆட்கள் செத்தார்கள். அப்பாவின் நல்ல விலையை அந்தச் சனமும் சேர்ந்துதான் கட்டியது. தருமபுரத்து அக்காவின் குடும்பம் மலையகத்தில் பசியோடு இருந்த அதே வருடங்களில் எங்கள் வீட்டில் புது ஓடு போட்டார்கள். இதை எழுத எனக்குச் சுகமாக இல்லை, ஆனாலும் இரண்டும் ஒரே கொள்கையின் விளைவு.

மார்ச் 5

“நட்டத்தையும் இலாபத்தையும் கூட்டிப் பார்த்தால் 1977 நாட்டுக்கு இலாபம், அத்தோடு முடிந்தது” என்று எழுதியவருக்கு.

அந்தக் கூட்டல் எப்படி வந்தது என்பதற்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1920இல் பிகூ என்ற பொருளியலாளர், பணக்காரனிடமிருந்து ஏழைக்கு ஒரு ரூபா போனால் மொத்த நலன் கூடும் என்றார், அந்த ரூபாவால் ஏழைக்குக் கிடைக்கிற பயன் பெரிது என்பதால். 1932இல் ரொபின்ஸ், ஒருவர் மனதின் திருப்தியை இன்னொருவர் மனதோடு ஒப்பிட விஞ்ஞானத்தில் வழி இல்லை என்று அந்தக் கதவைப் பூட்டினார். பிறகு 1939இல் கால்டோரும் ஹிக்ஸும் வேறு வாசல் திறந்தார்கள்: ஒரு மாற்றத்தில் வென்றவர்கள் தோற்றவர்களுக்கு ஈடு கொடுத்த பின்னும் இலாபத்தில் இருக்க *முடியும்* என்றால் அந்த மாற்றம் நல்லது. கவனியுங்கள், ஈடு கொடுக்கவேண்டும் என்று அவர்கள் சொல்லவில்லை. கொடுக்க முடிந்தால் போதும்.

விசுவமடுவில் தோற்றவர்களுக்கு யாரும் ஈடு கொடுக்கவில்லை. நான் திறந்த சந்தையை எதிர்க்கவில்லை, கொடுக்க முடிந்த அந்த ஈட்டைக் கொடுக்கச் சொல்கிறேன். கொடுத்திருந்தால் அப்பாவும் ஜே.ஆருக்கு வாக்குப் போட்டிருப்பார்.

மார்ச் 10

முதல் பதிவுக்காரர் திரும்ப வந்து, தொண்ணூறுகளின் நிவாரணத்துக்கு இன்னும் பதில் வரவில்லை என்கிறார்.

தொண்ணூறுகளில் வன்னிக்குள் அரசு இரண்டு கையாலும் வேலை செய்தது. ஒரு கையால் கச்சேரி (மாவட்டச் செயலகம்) வழியாக நிவாரண அரிசி, ஆசிரியர் சம்பளம், ஆஸ்பத்திரி மருந்து. மறு கையால் பொருளாதாரத் தடை: எரிபொருள், உரம், சீமெந்து, பற்றரி எதுவும் வராது, வந்தால் பத்து மடங்கு விலை. விதைக்கக் காணி இருந்தது, இறைக்க இயந்திரமும் இருந்தது, ஊற்ற எண்ணெய் இல்லை. மோட்டார் சைக்கிளை மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள், பிள்ளைகள் ஜாம் போத்தல் விளக்கில் படித்தார்கள். இந்தச் சனத்தையா சோம்பேறி என்கிறீர்கள்? அவர்கள் இழந்தது உழைக்கிற மனதை இல்லை, வாங்கவும் விற்கவும் போகவும் வரவும் இருந்த சுதந்திரத்தை. ஸ்மித் அந்தக் காலத்தில் வன்னிக்கு வந்திருந்தால் நிவாரண லொறியை நிறுத்தச் சொல்லியிருக்க மாட்டார், தடையை எடுக்கச் சொல்லியிருப்பார்.

நிவாரணம் ஒரு கெடுதலும் செய்யவில்லை என்றும் சொல்லமாட்டேன். அட்டையில் பெயர் இருக்கிறதா, இடம்பெயர்ந்த பதிவு எந்த விதானையாரிடம், யாருக்கு யாரைத் தெரியும் என்று ஒரு அதிகாரம் ஊருக்குள் வளர்ந்தது. அரிசியால் வந்த வினை இல்லை அது, பெயரை வெட்டுகிற பேனா யார் கையில் இருந்ததோ அதனால் வந்தது.

மார்ச் 11

யுத்தம் முடிந்த 2009இல், இடம்பெயர்ந்த சனத்தை வைத்திருந்த செட்டிகுளம் முகாம்களில் சாப்பாடு இருந்தது, மருந்து இருந்தது, பள்ளிக்கூடம்கூட நடந்தது. வருடக் கடைசிவரை முள்ளுக்கம்பிக்கு வெளியே விருப்பப்படி போக முடியாது. நலனைக் கலோரியில் மட்டும் அளந்தால் இதில் எந்தக் குறையும் தெரியாது. சென் ஏன் பொருளை விட்டு மனிதன் என்ன செய்ய முடியும், எப்படி இருக்க முடியும் என்று அளக்கச் சொன்னார் என்பதை நான் பிள்ளைகளுக்கு விளக்க அதிகம் கஷ்டப்படவில்லை.

மார்ச் 17

அப்படியென்றால் எந்த மாதிரி நலன்புரி நல்லது? என் பதில்: கேட்காமலே கிடைப்பது.

1942இல் யப்பான் பர்மாவைப் பிடித்ததும் பர்மா அரிசி நின்றது, இலங்கையில் அரசு பங்கிட்டுக் கொடுத்த கூப்பன் அரிசி வந்தது. அதே வருடம் இலண்டனில் பெவரிட்ஜ், பிரித்தானிய நலன்புரி அரசுக்கு அடித்தளமான தன் அறிக்கையை வெளியிட்டார். அவர் சோசலிசக்காரர் இல்லை, லிபரல் கட்சி எம்பியாகவும் இருந்தார். உன் வீட்டில் என்ன இருக்கிறது என்று துருவுகிற வருமானச் சோதனையைச் சனம் வெறுக்கிறது என்று தெரிந்து, எல்லோரும் கட்டி எல்லோரும் பெறும் காப்புறுதியை முன்வைத்தார். இலங்கையில் 1945இல் கல்வி அமைச்சர் கன்னங்கரவின் இலவசக் கல்வி. கூப்பன் அரிசி சனத்துக்கு எவ்வளவு முக்கியம் என்பது 1953இல் தெரிந்தது. ஒரு கொத்து அரிசி 25 சதத்திலிருந்து 70 சதம் என்று நிதியமைச்சர் ஜே.ஆர். ஏற்றினார், ஓகஸ்ட் 12இல் ஹர்த்தால், பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி விலகினார்.

வன்னியைப் பொறுத்தவரை இதில் ஒரு தனி அத்தியாயம் இருக்கிறது, மலேரியா. 1934–35 கொள்ளைநோயில் இத்தீவில் எண்பதாயிரம் பேர்வரை செத்தார்கள். உலர் வலயம் முழுக்க நுளம்புக்குப் பயந்து ஆட்கள் குடியேறாத காடு. 1946இலிருந்து டி.டி.ரி. என்ற நுளம்பு மருந்து அடித்தார்கள், இறப்பு வீதம் ஆயிரத்துக்கு 20.3 ஆக இருந்தது ஒரே வருடத்தில் 14.3க்கு இறங்கியது. அதில் எவ்வளவு மருந்தால், எவ்வளவு அரிசியாலும் ஆஸ்பத்திரியாலும் என்று இன்றும் வாதம் நடக்கிறது. எண்பதுகளில் பொருளியலாளர் சுர்ஜித் பல்லா இலங்கையின் சாதனை பெரிதாக ஒன்றுமில்லை, 1960க்குப் பிறகு மற்ற நாடுகள்போலத்தான் என்றார். சென், நீங்கள் ஆரம்பிக்கிற வருடமே பிந்திவிட்டது, பெரிய பாய்ச்சல் நாற்பதுகளில் நடந்துவிட்டது என்று பதில் சொன்னார். நான் சென் பக்கம். கிளிநொச்சிக் குடியேற்றங்களே அதற்குச் சாட்சி. மருந்தடிக்க வந்தவன் யார் வீட்டில் எவ்வளவு வருமானம் என்று கேட்கவில்லை, வரிசையில் எல்லாச் சுவருக்கும் அடித்துக்கொண்டு போனான், அதனால்தான் நோய் போனது.

1979இல் கூப்பன் அரிசி நின்று உணவு முத்திரை வந்தது. வருமானம் பார்த்து ஆள் தெரிந்து கொடுப்பது, பெறுமதி ரூபாயில் எழுதியது. விலைவாசி ஏற முத்திரை அப்படியே கிடந்தது, கொஞ்ச வருடத்தில் அதன் பெறுமதி பாதியளவாகத் தேய்ந்தது. எல்லோரும் வாங்கிய காலத்தில் கை வைத்தால் ஹர்த்தால் வந்தது. ஏழை மட்டும் வாங்கத் தொடங்கியபிறகு கத்துவதற்கு ஆள் இல்லை.

மார்ச் 19

“நிவாரணம் வேண்டாம், கடன் கொடுங்கள், தன் காலில் நிற்பார்கள்.” யுத்தத்துக்குப் பிறகு அதுதான் நடந்தது. வாராவாரம் கூட்டம் வைத்து, ஐந்து பெண்களை ஒருவருக்கொருவர் பிணை வைத்து நுண்கடன் கொடுத்தார்கள். ஒன்றைக் கட்ட இன்னொன்று எடுத்த எத்தனையோ பேர் என் தெருவில் இருக்கிறார்கள். 2018இல் வரட்சியால் பாதிக்கப்பட்ட மாவட்டங்களில் ஒரு இலட்சத்துக்குட்பட்ட கடன்களை அரசே தள்ளுபடி செய்யவேண்டி வந்தது. உழைக்கிற ஆள் செத்துப்போன வீட்டில், தண்ணீர் இல்லாத வருடத்தில், கடன் எப்படி நிவாரணத்தின் இடத்துக்கு வரும்?

மார்ச் 30

அஸ்வெசும. இதற்காகத்தான் இவ்வளவும் எழுதினேன் என்றும் வைத்துக்கொள்ளலாம்.

2023 நடுப்பகுதியில் சமுர்த்தி உதவிப்பணத்தின் இடத்தில் வந்தது. தொடங்கியபோது மாதத்துக்கு நாலு வகை: நிலைமாறும் குடும்பத்துக்கு 2,500, பாதிக்கப்படக்கூடியவருக்கு 5,000, வறியவருக்கு 8,500, மிக வறியவருக்கு 15,000. 22 குறிகாட்டிகளில் புள்ளி போட்டு வகை பிரிக்கிறார்கள். வீடு எப்படி, மலசலகூடம் எப்படி, காணி எவ்வளவு, வாகனம் என்ன. அரசியல்வாதி தன் ஆளுக்குக் கொடுப்பதை இது தடுக்கும் என்பது நியாயமான நோக்கம், சமுர்த்தியில் அந்த நோய் இருந்தது. ஆனால் வன்னியில் இந்த அளவுகோல் எப்படி விழுகிறது என்று பாருங்கள். இந்திய வீட்டுத்திட்டத்தில் ஐந்தரை இலட்சம் கிடைத்து, மிச்சத்துக்குக் கடன்பட்டுக் கல்வீடு கட்டி முடித்த பெண்தலைமைக் குடும்பம் இங்கே ஏராளம். கல்லுச் சுவர், ஓட்டுக் கூரை, நல்ல மலசலகூடம், உள்ளே வருமானம் இல்லை. வீட்டைப் பார்த்துப் புள்ளி போட்டால் அவள் வசதியானவள். பிறகு பெயர்ப் பட்டியலைப் பகிரங்கமாகப் போட்டு, ஆட்சேபனை இருந்தால் யாரும் எழுதலாம் என்கிறார்கள். பெட்டிசம் எழுதுவதில் எங்கள் ஊர்களுக்குச் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை. யார் கோழி யார் வளவுக்குள் போனது என்ற பகையெல்லாம் ஆட்சேபனைப் படிவத்தில் இறங்கியது.

தாராண்மைவாதிகள் எதற்குப் பயந்தார்கள்? ஒரு உத்தியோகத்தரின் விருப்பத்தில் ஒரு மனிதனின் சீவியம் தங்கியிருப்பதற்கு. பொருளியலாளர் ஹயெக் 1944இல் அரசின் மத்திய திட்டமிடலைத் தாக்கி எழுதிய அதே நூலில், உணவு, இருப்பிடம், உடை ஆகியவற்றில் ஒரு குறைந்தபட்சத்தை எல்லோருக்கும் உறுதிப்படுத்துவதால் சுதந்திரத்துக்கு ஆபத்தில்லை என்றார். இன்னொரு சந்தைப் பொருளியலாளர் பிரீட்மன் 1962இல், வருமானம் குறைந்தவனுக்கு வரித் திணைக்களமே நேரடியாகக் காசாகக் கொடுத்துவிடட்டும், எதில் செலவழிக்கிறாய் என்று கேட்கிற அதிகாரிப் படை வேண்டாம் என்றார். இவர்கள்தான் கடும்போக்காளர்கள் என்று பெயரெடுத்தவர்கள், இவர்கள்கூட மலசலகூடம் எண்ணச் சொல்லவில்லை. 1960இல் ஹயெக் வருமானச் சோதனையை நியாயப்படுத்தினார் என்று ஒருவர் குறுக்கே வருவார் என்று தெரியும். ஆம், தேவை நிரூபித்தவனுக்குத்தான் என்றார். அந்த இடத்தில் அவர் தன் பயத்தையே மறந்துவிட்டார் என்பது என் எண்ணம். தேவையை நிரூபிப்பதென்றால் யாரோ ஒருவரிடம்தானே நிரூபிக்கவேண்டும்?

ஆகவே நான் தாராண்மைவாதத்தை வைத்தே அஸ்வெசுமவை எதிர்த்து வாதிடுகிறேன். முதியோருக்கு, மாற்றுத்திறனாளிக்கு, சின்னப் பிள்ளை உள்ள தாய்க்கு, வீட்டுக்குள் எட்டிப் பார்க்காமல், வயதையும் பிறப்புச் சான்றிதழையும் மட்டும் பார்த்துக் கொடுங்கள். பணக்காரனுக்கும் போகுமே என்றால் போகட்டும், வரியில் திரும்ப எடுங்கள். பணக்காரக் கிழவியும் ஏழைக் கிழவியும் ஒரே நாளில் வங்கிக்குப் போனால் யாருக்கும் வெட்கம் இல்லை, ஒரு பெட்டிசமும் வராது.

ஏப்ரல் 6

“வரி கட்டுகிறவன் காசு” என்று மூன்று பேர் எழுதியிருக்கிறீர்கள். 2024 சனவரி முதலாம் திகதியிலிருந்து பெறுமதி சேர் வரி 18 வீதம், எரிவாயுவும் எரிபொருளும் அதற்குள் வந்துவிட்டன. இலங்கை அரசின் வரி வருமானத்தில் பெரும்பங்கு இப்படிப் பொருளோடு சேர்ந்து வருகிற வரிதான். சவர்க்காரம் வாங்குகிற எல்லோரும் வரி கட்டுகிறோம், ஏழையின் வருமானத்தில் அது பெரிய பங்கு, பணக்காரனின் வருமானத்தில் சின்னப் பங்கு.

1908இல் பிரித்தானிய லிபரல் அரசாங்கம் முதியோர் ஓய்வூதியம் கொண்டுவந்தது. அதற்கு எங்கே காசு என்ற கேள்வி வந்தபோது நிதியமைச்சர் லொயிட் ஜோர்ஜ் 1909 பாதீட்டில் நிலச்சொந்தக்காரர் மேலும் பெரிய வருமானத்தின் மேலும் கை வைத்தார். பிரபுக்கள் சபை அந்தப் பாதீட்டைத் தூக்கி எறிந்தது, இரண்டு தேர்தல் நடந்தது, 1911இல் அந்தச் சபையின் அதிகாரத்தையே சட்டம் போட்டு வெட்டினார்கள். அங்கே தாராண்மைவாதம் நலன்புரியோடு கைகோத்தது இப்படி வரிச் சண்டை பிடித்துத்தான். இங்கே வீட்டுச் சொத்தின் மேல் வரி என்ற கதை 2023இல் சர்வதேச நாணய நிதியத்தோடு செய்த உடன்பாட்டில் எழுத்தில் இருந்தது. அதைப் பற்றிக் கதைக்க விருப்பமானவர்கள் தனி இழை தொடங்குங்கள், நான் வருகிறேன்.